கஞ்சா கம்பெனிக்கு வந்த சம்பந்தி

இன்ஸ்பெக்டர் நூல் சுற்றிய கோனை மூக்குக்கு அருகே கொண்டுபோனார். கண்ணை மூடிக்கொண்டு நெஞ்சு நிறைய இழுத்தார்.

காலை பதினொரு மணி. டீ வரும் நேரம். திருப்பூர் மண்ணரையில் இருக்கும் என் பனியன் கம்பெனியின் பதினான்கு தையல் மெஷின்களும் ஒரே நொடியில் நின்றுவிட்டன. டீ டம்ளரும் கையுமாக அத்தனை பேரும் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம். போதை ஏறுகிறதா என்று.

"வைக்கோல் வாசம் அடிக்குது" என்றார். குரலில் கொஞ்சம் ஏமாற்றம்.

"செடியோட தண்டுல எடுத்த நார் சார். அப்படித்தான் அடிக்கும்."

"என்ன செடி?"

இந்த இடத்தில் நான் ஒரு பொய் சொல்லியிருக்கலாம். சணல் என்று சொல்லியிருந்தால் டீயைக் குடித்துவிட்டுக் கிளம்பியிருப்பார். முப்பது வருடங்களுக்கு மேல் கேமரா முன்னால் பொய் சொல்லியே சோறு தின்றவள் நான். ஆனால் அன்றைக்கு எழுதிக் கொடுக்க வசனகர்த்தா யாரும் பக்கத்தில் இல்லை.

"கஞ்சா செடி சார்."

பின்னால் யாரோ டம்ளரைக் கீழே போட்டார்கள்.

பில்லையும், நூல் வந்த வடநாட்டு மில்லின் கடிதத்தையும், வக்கீல் எழுதித் தந்த நாலு பக்கத்தையும் எடுத்து நீட்டினேன். சட்டம் தேடுவது அந்தச் செடியின் பூவையும் பிசினையும்தான், தண்டின் நாரை அது கண்டுகொள்வதில்லை என்று விளக்கினேன். இன்ஸ்பெக்டர் பொறுமையாகக் கேட்டார். கூட வந்திருந்த பெண் போலீஸ் மட்டும் கேட்கவில்லை. என் முகத்தையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தவர், சட்டென்று வாசலுக்குப் போய் ஷூவைக் கழற்றிவிட்டு வந்தார்.

"நீங்க... குட்டி மாரியாத்தா தானுங்களே?"

"ஆமாங்க."

கன்னத்தில் போட்டுக்கொண்டார். எங்கம்மா ஊட்டுல இன்னமும் உங்க படம் இருக்குதுங்க என்றார். இன்ஸ்பெக்டர் தர்மசங்கடமாக இருமினார். ஜீப்பில் ஏற்ற வேண்டியிருக்குமோ என்று யோசித்துக்கொண்டிருக்கும் ஆளைத் தன்னோடு வந்தவரே கும்பிட்டால் அவர்தான் என்ன செய்வார்?

கடைசியில் ஒரு கோனைச் சோதனைக்கு எடுத்துக்கொண்டார். "லேப் ரிப்போர்ட் வர்ற வரைக்கும் இந்த நூல்ல தைச்ச பீஸ் ஒண்ணுகூட வெளிய போகக் கூடாது" என்று சொல்லிவிட்டுப் போனார்.

தெய்வம் வயதுக்கு வந்த கதை

இத்தனை வாரமாகப் படித்து வருகிறவர்களுக்கு என் பூர்வோத்திரம் தெரியும். பல் டாக்டர் வீட்டு வரவேற்பறையில் இந்த இதழை முதல் முறையாகப் புரட்டுகிறவர்களுக்காக மட்டும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

அப்பா மைக்செட் கடை வைத்திருந்தார். திருவிழா மேடைகளில் ஒலிபெருக்கி கட்டுவது அவர் வேலை. மைக்கை "ஹலோ, ஹலோ" என்று சோதிக்கும் இடைவெளியில் என்னை மேடையேற்றி ஆடவிட்டது அம்மாவின் யோசனை. அப்போது எனக்கு ஐந்து வயது. தகரச் சூலம், வேப்பிலைப் பாவாடை. வேப்பிலை முதுகெல்லாம் அரிக்கும். நெளிந்து நெளிந்து சொறிவேன். பாப்பாவுக்கு அருள் வந்துவிட்டது என்று கூட்டம் எழுந்து கும்பிடும். அவர்கள் கும்பிடக் கும்பிட எனக்கு இன்னும் அரிக்கும்.

அந்த அரிப்பைப் பார்த்துத்தான் ஒரு டைரக்டர் என்னைக் குட்டி அம்மனாகப் போட்டார். 'பேபி பூங்கொடி' ஆனேன். படம் ஓடியது. கோயம்புத்தூரில் ஒரு ஓட்டலில் நான் ஐஸ்கிரீமுக்காக அழுதுகொண்டிருந்தபோது, பக்கத்து மேஜையிலிருந்து ஒரு பெரிய அதிகாரி எழுந்து வந்து என் காலில் விழுந்தார். சொந்த ஊருக்கு மாற்றல் வேண்டுமாம். உங்க ஐஸ்கிரீமைத் தருவீங்களா என்று கேட்டேன். தந்தார். மாற்றலும் கிடைத்ததாம். நான் சம்பாதித்த முதல் லஞ்சம் அதுதான்.

அப்புறம் நான் வளர்ந்துவிட்டேன். தெய்வம் வயதுக்கு வந்துவிட்டால் சினிமாவில் வேலை கிடையாது. சில வருடம் வீட்டில் இருந்தேன். பிறகு மூன்று படங்களில் கதாநாயகி. அதில் இரண்டு இன்னும் பெட்டிக்குள் இருக்கின்றன. வெளியே வந்த ஒன்றைப் பார்த்தவர்கள், அதுவும் உள்ளேயே இருந்திருக்கலாம் என்றார்கள். அதன் பிறகு கதாநாயகனின் தங்கை. பெரும்பாலும் இடைவேளைக்கு முன்னாலேயே செத்துவிடுவேன். கடைசியில் தொலைக்காட்சித் தொடரில் மாமியார். மருமகளுக்குப் பாயசத்தில் விஷம் வைத்த மாமியார்.

அந்தப் பாயசம் இந்தக் கதைக்கு முக்கியம்.

மலையில் ஒரு கயிறு

கதாநாயகி காலத்தில் ஒரு பாட்டுக்காக வடக்கே மலைப்பக்கம் போயிருந்தோம். குளிரில் நான் மெல்லிய புடவையுடன் நடுங்கியபடி சிரிக்க வேண்டும். கதாநாயகன் மூன்று ஸ்வெட்டருக்குள் இருந்தபடி என்னைக் காதலிக்க வேண்டும்.

ஓய்வு நேரத்தில் ஒரு வீட்டு முற்றத்தில் ஒரு பெண் கயிறு திரித்துக்கொண்டிருந்தார். என்ன நார் என்று கேட்டேன். பின்னால் ஆள் உயரத்துக்கு நின்ற செடிகளைக் காட்டினார். எங்கள் கேமராமேன் துள்ளிக் குதித்தார். அது கஞ்சாச் செடி. அந்த ஊரில் அதன் விதையைத் துவையல் அரைத்துச் சாப்பிடுகிறார்கள். எங்கள் யூனிட்டே போட்டி போட்டுக்கொண்டு அந்தத் துவையலைத் தின்றுவிட்டு, போதைக்காகக் காத்திருந்தது. வரவேயில்லை. நாலு பேருக்கு வயிற்றுப்போக்கு வந்ததுதான் மிச்சம்.

மற்றவர்கள் இலையைப் பார்த்தபோது நான் கயிற்றைப் பார்த்தேன். பெரிய ஞானமெல்லாம் இல்லை. திருப்பூர்க்காரிக்கு நூல் மாதிரி எது கண்ணில் பட்டாலும் விரல் தானாகப் போய்விடும். அந்தப் பெண் அதே நாரில் பின்னிய ஒரு பை கொடுத்தார். அந்தப் பையைப் பல வருடம் மேக்கப் சாமான் வைக்கப் பயன்படுத்தினேன். கதாநாயகி வேலை போனது, தங்கை வேலை போனது, பை மட்டும் கிழியவே இல்லை.

தொடரில் நான் இரண்டு நாள் விடுப்பு கேட்டதற்காக என் கதாபாத்திரத்தை லாரியில் அடித்துக் கொன்றார்கள். எனக்கு அப்போது நாற்பது தாண்டிவிட்டது. ஊருக்குத் திரும்பினேன். அப்பா போய்ச் சேர்ந்திருந்தார். அம்மா, நான், அந்தப் பை. சும்மா இருக்கத் தெரியாமல், கஞ்சா நூல் எங்கே நூற்கிறார்கள் என்று தேட ஆரம்பித்தேன்.

அம்மாவிடம் சொன்னபோது கையிலிருந்த முறத்தைக் கீழே வைத்துவிட்டார்.

"நாலு ஊரு சனம் கும்புட்ட புள்ளையாச்சே கண்ணு நீயி. கஞ்சா யாவாரம் பண்றன்னா நான் எந்த மூஞ்சிய வெச்சுட்டு மாரியாத்தா கோயலுக்குப் போறது?"

"சிவன் கோயிலுக்குப் போம்மா. அவரு ஒண்ணும் சொல்ல மாட்டாரு."

அம்மா முறத்தை எடுத்துக்கொண்டு அடுப்படிக்குப் போய்விட்டார்.

ஊசி முறித்த நூல்

நூல் வந்தது. அதைப் பனியன் துணியாக்க வேண்டும். நிட்டிங் மெஷின் ஃபிட்டர் ஆறுமுகண்ணன் முதல் கோனை ஏற்றினார். மெஷின் சுற்ற ஆரம்பித்த கொஞ்ச நேரத்தில் 'டக், டக்' என்று சத்தம். நிறுத்திப் பார்த்தால் ஊசிகள் வரிசையாக முறிந்து கிடந்தன. துணியில் விரல் நுழையும் ஓட்டைகள்.

"ஏனுங்க அம்மிணி, இது நூலுங்களா, கட்டுக் கம்பிங்களா?"

பருத்தி நூல் இழுத்தால் கொஞ்சம் விட்டுக்கொடுக்கும். இது விட்டுக்கொடுக்காது. பிடிவாதம் பிடித்தது. எனக்கு அதனால்தான் பிடித்துப்போனதோ என்னவோ. ஆறுமுகண்ணன் முனகிக்கொண்டே மெஷின் வேகத்தைப் பாதியாகக் குறைத்தார். கோன்களைச் சுற்றி ஈரச் சாக்கு கட்டினார். பருத்தியைப் பாதிக்கு மேல் கலந்து நூற்றுத் தரச் சொல்லி மில்லுக்கு எழுத வைத்தார். நூலுக்கு மெழுகு பூசினார். பல மாதம் ஆனது. ஒரு நாள் ஒரு ரோல் துணியைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து என் மேஜையில் இறக்கினார். கோடி வேட்டியைத் தடவுவதுபோல் அதைத் தடவிக் காட்டினார். அப்படி ஒரு வழவழப்பு.

"புடிச்சுட்டனுங்க" என்றார். திருடனைப் பிடித்த மாதிரி.

தையலுக்கு ஆள் சேர்த்தேன். செக்கிங்குக்கு வந்தவர்தான் ஜெசிந்தா. தைத்து வரும் ஒவ்வொரு பீஸையும் திருப்பிப் பார்த்து, குறை இருந்தால் ஒதுக்குவது அவர் பொறுப்பு. திசையன்விளை பக்கத்திலிருந்து கல்யாணமாகித் திருப்பூர் வந்தவர். கணவர் பிரிந்து போய்விட்டார். ஒரே மகள் ஸ்டெல்லா, தனியார் ஆஸ்பத்திரியில் நர்ஸ். முதல் நாளே நான் ஆசை ஆசையாகத் தைத்து வைத்திருந்த ஒரு டீ-சர்ட்டை ஜெசிந்தா ஓரமாக எறிந்தார்.

"இது ஓனர் தச்சது" என்று யாரோ காதைக் கடித்தார்கள்.

"ஓனருக்குத் தைக்கத் தெரியலன்னு சொல்லுங்க" என்றார் ஜெசிந்தா.

அன்றிலிருந்து அந்தக் கம்பெனி அவர் கையில். வெளிநாட்டிலிருந்து ஒரு சின்ன ஆர்டர் வந்தது. எங்கள் முதல் ஆர்டர். அதைத் தைத்து முடிக்கும் நேரத்தில்தான் ஜீப் வந்து வாசலில் நின்றது.

வாட்ஸ்அப்பில் வந்த வில்லி

இன்ஸ்பெக்டர் போன அரை மணி நேரத்தில் ஒரு வீடியோ ஊரைச் சுற்றியது. எதிர்ப்பக்கத்து மாடியிலிருந்து யாரோ எடுத்தது. ஜீப், போலீஸ், வாசலில் நான். கீழே: 'பாயச மாமியாரின் கஞ்சா கம்பெனி. திருப்பூரில் அதிரடி.' பின்னணியில் தொடரில் நான் வரும்போதெல்லாம் போடும் திகில் இசையையும் சேர்த்திருந்தார்கள். அந்த ரசனையைப் பாராட்டத்தான் வேண்டும்.

மறுநாள் இரண்டு டெய்லர்கள் வரவில்லை. அதற்கு மறுநாள் இன்னும் ஒருவர். வந்தவர்கள் முகத்தில் துப்பட்டாவைச் சுற்றிக்கொண்டு தெருமுனை வரை பார்த்துவிட்டு உள்ளே நுழைந்தார்கள். அம்மா போனை அணைத்து அரிசி டின்னுக்குள் போட்டுவிட்டார்.

மூன்றாம் நாள் மத்தியானம் ஜெசிந்தா சாப்பிடாமல் தூக்குப்போசியை மூடி வைத்தார். நான் அருகில் போய் உட்கார்ந்தேன்.

"என்னாச்சு?"

"ஸ்டெல்லா மாப்பிள வீட்டுல இருந்து போன் போட்டாவக்கா. அந்த வீடியோ அவுக சொந்தக்காரங்க குரூப்புல வந்திருக்காம். அடுத்த ஞாயித்துக்கிழம நிச்சயம் வேண்டாம்னு சொல்லுதாவ."

"தள்ளி வைக்கறாங்களா, வேண்டாம்ங்கறாங்களா?"

"அந்தம்மா 'வேண்டாம்'னுதான் சொன்னாவ. அந்தத் தம்பியும் ஸ்டெல்லாவும் ஒரு வருசமா பேசிப் பழகுன பிள்ளைக. ராத்திரி பூரா அவ அழுதது எனக்குக் கேக்கக் கூடாதுன்னு பாத்ரூம்ல தண்ணியத் தொறந்து விட்டுட்டு அழுதா."

அவர் அழவில்லை. பக்கத்தில் கிடந்த பீஸை எடுத்து ஓரத்தில் நீட்டிக்கொண்டிருந்த நூலைக் கத்தரித்தார். அடுத்ததை எடுத்தார். விளக்கம் சொல்ல வக்கீல் எழுதிக் கொடுத்த நாலு பக்கம் என்னிடம் இருந்தது. ஸ்டெல்லாவுக்கு எந்தப் பக்கத்தைக் காட்டுவது?

"நான் வந்து பேசறேன்" என்றேன்.

ஜெசிந்தா என்னை ஏற இறங்கப் பார்த்தார். "நீங்களா?"

அந்தச் சந்தேகம் நியாயமானது என்று அடுத்த நாளே தெரிந்துவிட்டது.

பயப்படாமல் குடிங்க

மாப்பிள்ளை வீடு வீரபாண்டியில் ஒரு லைன் வீடு. ஒரே கூரையின் கீழ் ரயில் பெட்டிபோல வரிசையாக எட்டுக் குடித்தனம். ஜெசிந்தாவை ஸ்கூட்டரில் பின்னால் உட்காரவைத்துக்கொண்டு போனேன். மூன்றாவது கதவைத் தட்டினோம்.

திறந்தவர் மாப்பிள்ளையின் அம்மா மரியபுஷ்பம். என்னைப் பார்த்ததும் ஓர் அடி பின்னால் வைத்தார்.

"ஏலே அந்தோணி, இங்க வா. பாயசக்காரி வந்துருக்கா."

மற்ற ஏழு கதவுகளும் திறந்துகொண்டன.

அந்தோணி வந்தான். ஒரு பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டர். நல்ல உயரம், பயந்த கண். இரண்டு பிளாஸ்டிக் நாற்காலிகளைப் போட்டுவிட்டுச் சுவரோடு சுவராக நின்றுகொண்டான். மரியபுஷ்பம் இரண்டு டம்ளரில் ஆரஞ்சு கலர் கொண்டுவந்து வைத்தார்.

"பயப்படாம குடிங்க. எங்க வீட்டுல எதுவும் கலக்க மாட்டோம்."

குடித்தேன். ஒரே மூச்சில்.

"அந்தப் பிள்ளை மூணு மாசம் கோமாவுல கெடந்தாளே, ஒங்களுக்கு மனசாட்சியே இல்லையா?"

"அது டைரக்டர் சொல்லித்தான்ம்மா. அந்தப் பொண்ணு நல்லா இருக்கா. போன வருசம் ரெட்டைக் குழந்தை பொறந்துச்சு."

அவர் முகம் கொஞ்சம் இளகியது. உடனே மீண்டும் இறுகியது. நான் தயாரித்து வைத்திருந்த பேச்சைத் தொடங்கினேன். தண்டு, நார், பூ, சட்டம். ஷூட்டிங்கில் பேசுவதுபோல நல்ல ஏற்ற இறக்கத்தோடு. பாதியிலேயே அவர் கையை உயர்த்தி நிறுத்தினார்.

"இந்தாங்க, நான் படிச்சவ கெடயாது. ஆனா இவன் அப்பா சாராயத்துலதான் போனாரு. பொணத்த வாங்க நான் இவனக் கையில புடிச்சிட்டுப் போனேன். அப்ப இவனுக்கு ஒம்பது வயசு. போதைன்னு பேரு உள்ள எதுவும் இந்த நெலவாசல் தாண்டி உள்ள வரக் கூடாதுன்னு அன்னைக்கே இவன்ட்ட சத்தியம் வாங்குனேன். தண்டோ, பூவோ, எனக்குத் தெரியாது. பேரு அதுதான?"

என் பேச்சு அப்படியே செத்துப்போனது. கேலி செய்துகொண்டே வாழ்ந்து பழகியவள் நான். அந்தச் சின்ன அறையில் கேலிக்கு இடமே இல்லை. ஒன்பது வயதுப் பையனின் கையைப் பிடித்துக்கொண்டு பிணவறை வாசலில் நிற்கும் ஒரு பெண்ணிடம் போய்ச் சட்டம் பேசிக்கொண்டிருக்கிறேனே என்று வெட்கமாக இருந்தது.

அந்த வெட்கத்தில்தான் அதைச் சொன்னேன்.

"சரிங்கம்மா. நாளையிலிருந்து ஜெசிந்தா என் கம்பெனிக்கு வர மாட்டாங்க. வேற நல்ல எடத்துல நானே சேர்த்து விடறேன். நிச்சயத்தை மட்டும் நிறுத்திடாதீங்க."

பெரிய தியாகம் செய்துவிட்ட நினைப்பு எனக்கு. ஜெசிந்தா இல்லாமல் அந்தக் கம்பெனி ஒரு வாரம் தாங்காது என்று எனக்குத் தெரியும்.

பக்கத்து நாற்காலி கிரீச்சிட்டது.

"என்ன சொல்லுதிய? நான் வேலைய விடுததும் விடாததும் நான்லா சொல்லணும்? என் வாயி எங்க போச்சி?"

சுரீர் என்றது. அம்மா என்னை ஒரு டைரக்டர் முன்னால் நிறுத்தி, பாப்பா ஆடுவா, பாப்பா பாடுவா, பாப்பா அழச் சொன்னா அழுவா என்று அடுக்கியது காதில் கேட்டது. ஒரு தடவைகூட என்னைக் கேட்டதில்லை என்று எத்தனையோ வாரம் இந்தப் பக்கங்களில் புலம்பியிருக்கிறேன். இப்போது அதையே நான் இன்னொருத்திக்குச் செய்துகொண்டிருந்தேன், அதுவும் முகத்தைச் சோகமாக வைத்துக்கொண்டு.

"மன்னிச்சிரு ஜெசிந்தா."

அவர் என் பக்கம் திரும்பவில்லை. மரியபுஷ்பத்திடம் பேசினார்.

"ஏங்க, நானும் ஒங்கள மாதிரி இருவது வருசம் பனியன் கம்பெனியில நின்னவதான். ஒரு பீசு சரியில்லன்னு எடுத்து வச்சா, சூப்பர்வைசர் வந்து திரும்ப உள்ள தள்ளிட்டுப் போவான். இங்கதான் நான் வேண்டாம்னா வேண்டாம். ஓனரே வாயத் தொறக்க மாட்டாவ. அத விட்டுட்டு நான் வர மாட்டேன். என் மவளும் 'விட்டுரும்மா'ன்னு சொல்லல. நீங்க பேரப் பாக்காதீய. துணியப் பாருங்க."

சொல்லிக்கொண்டே என் கையைப் பிடித்து இழுத்து அவர் முன்னால் நீட்டினார். நான் எங்கள் துணியில் தைத்த டீ-சர்ட்தான் போட்டிருந்தேன்.

மரியபுஷ்பம் இருபத்திரண்டு வருடம் செக்கிங்கில் இருப்பவர். மனசு வேண்டாம் என்றாலும் விரல் சும்மா இருக்குமா? ஸ்லீவைப் பிடித்தார். கசக்கினார். இழுத்து விட்டார். ஓரத்தை உள்பக்கம் திருப்பித் தையலைப் பார்த்தார். முகம் மாறியது.

"எந்திரிங்க."

எழுந்தேன்.

"திரும்புங்க."

திரும்பினேன். எட்டுக் குடித்தனமும் வாசலில் நின்று பார்த்தது.

"இந்தா, பக்கத்துல இருக்க வேண்டிய தையல் தொப்புளுக்கு வந்திருக்கே! இத யாரு பாஸ் பண்ணுனது?"

"நான்தான்" என்றார் ஜெசிந்தா.

"ஒனக்குக் கண்ணு தெரியுதா?"

"தைக்கையில நேராத்தான் இருந்துச்சு. ரெண்டு தடவ தொவச்ச பொறவு திருகுது. நானும் ஒரு மாசமா மண்டய ஒடச்சுக்கிட்டு இருக்கேன்."

"வெட்டுததுக்கு முன்ன துணிய ஆறப் போட்டியளா?"

ஜெசிந்தா என்னைப் பார்த்தார்.

"ரோல்ல வந்த மாதிரியே மேசையில விரிச்சு வெட்டிருக்கிய. அது முறுக்கிட்டு நிக்காதா பின்ன?"

சுவரோரம் நின்ற அந்தோணி அன்று முதல் முறையாக வாயைத் திறந்தான். "ஒரு நாளாவது பிரிச்சு ஒதறிப் போடணும்க்கா. புது நூலுன்னா ரெண்டு நாளு."

"நீ சும்மா இருல" என்றார் அவன் அம்மா. ஆனால் அதையே இன்னும் விரிவாக அவரும் சொன்னார். எப்படி மடிக்க வேண்டும், எவ்வளவு உயரத்துக்கு மேல் அடுக்கக் கூடாது, எந்தப் பக்கம் காற்று வர வேண்டும். ஜெசிந்தா இடையிடையே மறுத்தார். அவர் அதட்டினார். அரை மணி நேரம் போனது. நான் நின்றுகொண்டே இருந்தேன். உட்காரச் சொல்ல யாருக்கும் நினைவில்லை.

கிளம்பும்போது மரியபுஷ்பம் வாசல் வரை வந்தார். முகம் பழையபடி இறுகியிருந்தது.

"துணி வேற, பேரு வேறன்னு நீங்க சொல்லுதிய. சர்க்காரு சொல்லட்டும். காயிதம் வரட்டும், பாப்போம்."

காகிதம்

நிச்சயத்துக்குக் குறித்த ஞாயிறு வந்தது, போனது. ஸ்டெல்லா அன்று ஆஸ்பத்திரியில் இரண்டு ஷிப்டு சேர்த்துப் பார்த்தாள் என்று ஜெசிந்தா சொன்னார்.

நாங்கள் துணியைப் பிரித்து உதறிப் போட்டோம். இரண்டு நாள் ஆறவிட்டு வெட்டித் தைத்து, துவைத்து, தொங்கவிட்டுப் பார்த்தோம். தையல் நூல் பிடித்த மாதிரி பக்கத்திலேயே நின்றது. ஜெசிந்தா அதைப் பார்த்துவிட்டு, "அந்தம்மா சொன்னது சரிதான்" என்றார், கசப்பு மருந்தை விழுங்குவதுபோல. ஏற்கெனவே தைத்திருந்த அத்தனை பீஸையும் தானே ஒதுக்கினார். முதலிலிருந்து மறுபடி ஆரம்பித்தோம். வெளியே அனுப்பக் கூடாது என்றுதானே உத்தரவு, தைக்கக் கூடாது என்று இல்லையே.

பல வாரம் கழித்து ஒரு காலையில் இன்ஸ்பெக்டர் பைக்கில் வந்தார். சீருடை இல்லை. ஒரு கையில் கோன், ஒரு கையில் உறை.

"வெறும் நாரு. ஒண்ணுமில்ல" என்றார். "மனு வந்தா நாங்க பார்த்துதானேம்மா ஆகணும். பேரு போடாத மனு. யாருன்னு எனக்கே தெரியாது."

அன்றைக்கு அரிசி டின்னிலிருந்து அம்மாவின் போன் வெளியே வந்தது. அதில் அவர் முதலில் கூப்பிட்டது கோயில் பூசாரியை.

உறையை எடுத்துக்கொண்டு ஜெசிந்தாவும் நானும் மறுபடியும் வீரபாண்டிக்குப் போனோம். மரியபுஷ்பம் கண்ணாடி போட்டுக்கொண்டு அந்த ஆங்கிலக் காகிதத்தை முதலில் முத்திரை இருக்கிறதா என்று பார்த்தார். பிறகு அந்தோணியை வரிவரியாகப் படித்து அர்த்தம் சொல்லச் சொன்னார். ஒரு வரியை அவன் தாண்டியபோது, "அத ஏன் விட்ட?" என்று கேட்டார். அது லேபின் விலாசம். அதையும் படித்தான்.

அத்தோடு விடவில்லை. புதிதாகத் தைத்த ஒரு டீ-சர்ட்டை வாங்கி வைத்துக்கொண்டார். துணி துவைக்கும் கல்லில் மூன்று நாள் மூன்று தடவை அடித்துத் துவைத்திருக்கிறார். நாலாம் நாள் ஜெசிந்தாவுக்குப் போன் வந்தது.

"தையல் திருகாம நிக்கி. நாளு பாத்துச் சொல்லுங்க."

அதை எங்களுக்குச் சொல்லிவிட்டு, ஜெசிந்தா போனைக் கையில் வைத்தபடி செக்கிங் மேஜையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். அத்தனை நாள் அழாதவர் அன்றைக்குத்தான் அழுதார். மெஷின்கள் நின்றன. ஆறுமுகண்ணன் பதறிப்போய் ஓடி வந்து, "என்னங்க, மறுக்காப் போலீசுங்களா?" என்று கேட்டார்.

இரண்டு சம்பந்திகள், ஒரு மேஜை

சர்ச் பக்கத்து ஹாலில் நிச்சயம் நடந்தது. நான் பின்வரிசையில் உட்கார்ந்து மூன்று முறை பிரியாணி வாங்கிச் சாப்பிட்டேன். மாப்பிள்ளை வீட்டுக் குழந்தைகள் மட்டும் என்னைப் பார்த்தால் தட்டோடு ஓடினார்கள். ஸ்டெல்லா வந்து என் கையைப் பிடித்தாள்.

எங்கள் முதல் ஆர்டர் கப்பல் ஏறியது. போன டெய்லர்களில் இருவர் திரும்பி வந்தார்கள்.

ஒரு திங்கட்கிழமை காலை எட்டரைக்கு வாசலில் மரியபுஷ்பம் நின்றார். கையில் சாப்பாட்டுத் தூக்கு, கத்தரி, சொந்தமாக ஒரு இன்ச் டேப்.

"இருவத்திரண்டு வருசம் ஒரே எடத்துல இருந்து கண்ணு பூத்துப் போச்சி. இங்க செக்கிங்குல ஆளு வேணுமா?"

என் வாயிலிருந்து பதில் வருவதற்குள் ஜெசிந்தா உள்ளேயிருந்து வந்துவிட்டார்.

"சம்பந்தி, வீட்டுல நீங்க பெரியவ. இங்க செக்கிங் நான்."

"நான் என்ன ஒன் நாற்காலியையா கேட்டேன்? ஒரு ஓரமா நின்னு பாக்கேன்."

ஓரமாக நின்றது பத்து நிமிடம். ஜெசிந்தா பாஸ் பண்ணி வைத்த அடுக்கிலிருந்து ஒரு பீஸை மரியபுஷ்பம் உருவினார். டேப்பை வைத்தார். உதட்டைச் சுழித்தார். ஜெசிந்தா அதைப் பிடுங்கித் தன் டேப்பை வைத்தார். இருவர் குரலும் உயர்ந்தது. சமாதானம் செய்யலாம் என்று நடுவில் போய் நானும் அந்த டீ-சர்ட்டின் ஒரு ஓரத்தைப் பிடித்தேன்.

இருவரும் ஒரே நேரத்தில் என் பக்கம் திரும்பினார்கள்.

"நீங்க செத்த வெளிய நில்லுங்க."

வெளியே வந்தேன். நல்ல வெயில். தலைமுடியில் ஒட்டியிருந்த பஞ்சைத் தட்டிக்கொண்டு சிரித்தபடி நின்றேன். ஆறுமுகண்ணன் டீயை நீட்டினார்.

"உள்ளுக்கு என்னங்க அம்மிணி, இத்தன சத்தம்?"

"கழுத்துத் தையல் கால் இஞ்சு கோணலாம்."

"அவ்வளவுதானுங்களா?"

"அவ்வளவுதான்."

டீயைக் குடித்து முடிக்கும்வரை உள்ளே சத்தம் ஓயவில்லை. நான் உள்ளே போகவும் இல்லை.